பாலேந்திரன் கழுவிய கோப்பை

இனி வருவதில் ஒரு சொல்லும் பொய்யில்லை. உள்ளங்கையில் கற்பூரம் கொளுத்திச் சத்தியம் பண்ணச் சொன்னாலும் பண்ணலாம். பாரிசின் லா சப்பல் வீடுகளில் கற்பூரம் கொளுத்தினால் கூரையில் பூட்டியிருக்கிற புகைக்கருவி கத்தி, கீழ்வீட்டு மதாம் மேலே வந்துவிடுவார் என்ற ஒரே காரணத்துக்காக அது இங்கே தவிர்க்கப்படுகிறது. ஆள் உண்மை, தெரு உண்மை, உதைபந்தாட்டத்தில் யார் யாருக்கு எத்தனை கோல் அடித்தார்கள் என்பதும் உண்மை. நம்பாதவர்கள் தேடிப் பார்த்துக்கொள்ளலாம்.

பாலேந்திரனுக்கு அறுபத்திரண்டு வயது. பாரிசுக்கு வெளியே லெ பிளாங்-மெனிலில் மூன்றாம் மாடியில் மனைவி கமலராணியோடு இருந்தார். இருந்தார் என்பது ஒரு பேச்சுக்கு. அந்த மனிதர் எங்கேயும் இருந்ததில்லை. கதிரையில் உட்கார்ந்தால் ஒரு தொடை ஆடும், எழுந்தால் சாவிக்கொத்தைக் கையில் குலுக்குவார், ரயிலில் இடம் கிடைத்தாலும் கதவடியில் நிற்பார். அந்த வருடம் இந்த ஆட்டம் இன்னும் கூடியிருந்தது. காரணம் மகள்.

ஒரே மகள் சாம்பவி கனடாவில். அவளுக்குக் கலியாணம் பேசி முடித்து, மண்டபத்துக்கு நாள் குறித்த கிழமையில் தகப்பனின் விசா மறுக்கப்பட்டது. அகதிகளுக்குக் கொடுக்கிற பயணப் புத்தகத்தைப் பார்த்தவுடனேயே அங்கே முகம் சுருங்குகிறது போலும். கலியாணத்தைத் தள்ளிப்போட்டு இரண்டாம் முறை கேட்டார்கள். இரண்டாம் முறையும் மறுப்பு.

"அப்பா, நீங்கள் பிரெஞ்சுப் பாஸ்போட் எடுங்கோ," என்றாள் சாம்பவி தொலைபேசியில். "அது இருந்தா விசாவே தேவையில்லை. அடுத்த ஆவணிக்குத் தள்ளுறன். அதுக்கு மேலை தள்ளேலாது. மாப்பிள்ளைக்கு இப்பவே தலைமயிர் கொட்டத் தொடங்கிட்டுது."

குடியுரிமைக்குப் போட்டார். அலுவலகத்திலிருந்து ஒரு கேள்வி வந்தது: 1996 முதல் 1998 வரை உங்களிடம் ஒரு சம்பளத் துண்டும் இல்லையே, அந்தக் காலத்தில் என்ன செய்தீர்கள், எழுத்தில் விளக்கவும். பிரெஞ்சில் வாயால் சண்டை பிடிக்கக்கூடிய பாலேந்திரனுக்கு அதே பிரெஞ்சைப் பேனாவால் எழுத வராது. ஆகவே தமிழில் ஒரு பக்கம் எழுதி, ரூ லூயி-பிளாங் என்ற தெருவில் இருக்கிற மேரிறோஸிடம் கொடுத்தார். மேரிறோஸ் நீதிமன்றத்தில் சத்தியம் செய்து முத்திரை வாங்கிய மொழிபெயர்ப்பாளர். பாண்டிச்சேரிப் பிள்ளை. அத்தை நடத்திய அலுவலகத்தை ஆறு மாதத்துக்கு முன்னர்தான் பொறுப்பெடுத்திருந்தாள். அவள் பெயர்த்துக் கொடுத்ததை உறைக்குள் வைத்து, நாக்கால் ஒட்டி, பாலேந்திரன் அனுப்பிவிட்டார்.

இரண்டு மாதம் கழித்து நேர்முகத்துக்கு அழைப்பு வந்தது. அச்சடித்த கடிதத்தின் அடியில் யாரோ நீல மையால் கையெழுத்தில் ஒரு வரி சேர்த்திருந்தார்கள். முடியுமானால் 'கூப்'பின் படம் ஒன்று கொண்டுவரவும், நன்றி.

கூப் என்றால் என்னவென்று லா சப்பலில் யாருக்கும் சொல்லத் தேவையில்லை. முடிவெட்டுக்கு அதுதான் பெயர், ஒவ்வொரு சலூன் கண்ணாடியிலும் விலையோடு ஒட்டியிருக்கிறது. பாலேந்திரன் அன்றைக்கே முடி வெட்டப் போனார்.

ரூ பெர்தொனேயில் துஷ்யந்தனின் சலூன். வன்னியிலிருந்து வந்த மனிதன். சுவர் முழுக்க உதைபந்தாட்டக்காரர்கள். சாமிப் படத்துக்குக்கூடக் கழுத்தில் பாரிஸ் அணியின் சால்வை.

"வெட்டுறதுக்கு என்ன கிடக்கெண்டு வந்தனீங்கள் அண்ணை?" என்றான். பாலேந்திரனுக்கு நடுவில் வழுக்கை. காதோரம் இரண்டு பக்கமும் மட்டும் கொஞ்சம்.

"இருக்கிறதை வெட்டு. பிறகு படமும் எடுக்கோணும். குடியுரிமை அலுவலகத்திலை கேட்டிருக்கிறாங்கள்."

"தலைமயிரின்ரை படமோ?"

"ஓம். கூப்பின்ரை ஃபோட்டோ."

"ஏன், அவங்களுக்கு உங்கடை தலையிலை ஏதும் சந்தேகமே?"

"நீ வெட்டு. பாஸ்போட்டுக்கு வடிவாய் இருக்கோணும் எண்டு நினைக்கிறாங்களாக்கும்."

துஷ்யந்தன் இடப்பக்கத்தை வெட்டி முடித்தான். வலப்பக்கத்துக்கு வரும்போது, மடியில் பாலேந்திரன் பிடித்திருந்த கடிதத்தை எட்டிப் பார்த்தான். கத்தரிக்கோல் நின்றது.

"அண்ணை, கூப் எண்டதிலை முதல் எழுத்துப் பெரிய எழுத்தாய் எல்லோ கிடக்கு."

"மரியாதையாய் எழுதியிருக்கிறாங்கள்."

"மயிருக்கு ஆரும் மரியாதை குடுக்கிறேல்லை அண்ணை. நீங்கள் அனுப்பினதின்ரை கொப்பி கிடக்கோ?"

கிடந்தது. பாலேந்திரன் தொசியே முழுவதையும், விண்ணப்பத் தாள் அத்தனையையும், பிளாஸ்டிக் பையில் போட்டு, மூன்று மாதமாகக் கக்கத்தில் வைத்துக்கொண்டுதான் திரிந்தார். துஷ்யந்தன் மேரிறோஸின் பிரெஞ்சை எடுத்து, கத்தரிக்கோலைக் காதில் செருகிக்கொண்டு, ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொன்னான்.

"'பாரிஸ் அணி ஐரோப்பியக் கிண்ணத்தை வென்ற கிழமையில் அந்த வேலையில் சேர்ந்தேன்.' சரியோ?"

"சரி. பொர்த் த சம்பெரே பக்கத்திலை. பெரிய பிரசெரிச் சாப்பாட்டுக்கடை. மேசையே அறுபது."

"'முதல் நாளே அந்தக் கிண்ணத்தைக் கழுவினேன்.'"

"என்னத்தை?"

"'நான் கழுவிய கிண்ணத்தில் ஒரு கறை இருந்ததென்று இன்றுவரை எவரும் சொன்னதில்லை.' அண்ணை, கிண்ணத்துக்கும் பிரெஞ்சிலை கூப்தான். நீங்கள் கிண்ணங்களின் கிண்ணத்தைக் கழுவினனீங்களோ? இருவது வருசமாய் உங்களுக்கு முடி வெட்டுறன், ஒரு சொல்லுச் சொல்லேல்லையே."

"நான் எங்கையடா கிண்ணம் கழுவினான்? கோப்பையெல்லோ கழுவினான்."

இந்த இடத்தில் பிற ஊர் வாசகர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். யாழ்ப்பாணத்தாருக்குக் கோப்பை என்றால் சோறு போட்டுச் சாப்பிடுகிற தட்டு. லா சப்பலில் இரண்டு ஆண்பிள்ளைகள் புதிதாகச் சந்தித்தால் "நீங்கள் எங்கை கோப்பை கழுவினனீங்கள்" என்று கேட்டுக்கொள்வது, மற்ற இடங்களில் எந்தப் பள்ளிக்கூடத்தில் படித்தீர்கள் என்று கேட்பதற்குச் சமம். பாலேந்திரன் தன் கடிதத்தில் கிண்ணம் வென்ற கிழமையில் கோப்பை கழுவினேன் என்று ஒழுங்காகத்தான் எழுதியிருந்தார்.

அவர் கழுத்தில் கட்டிய துணியோடு எழுந்தார். இடப்பக்கம் வெட்டியும் வலப்பக்கம் காதை மூடிக்கொண்டும் இருந்த தலையோடு ரூ பெர்தொனேயைக் கடந்து, ரூ லூயி-பிளாங்குக்குத் திரும்பினார். மரக்கறிக்கடை வாசலில் நின்றவர்கள் வழிவிட்டார்கள். ஒருவர், ஏதோ நேர்த்திக்கடன் போலிருக்கிறது என்றார்.

மேரிறோஸ் அவரைப் பார்த்ததும் எழுந்து நின்றாள்.

"உக்காருங்க ஐயா. என்ன ஆச்சு தலைக்கு?"

"பிள்ளை, கோப்பை எண்டா என்ன?"

"கோப்பைன்னா கோப்பைதான். உலகக் கோப்பை."

"அப்ப கிண்ணம்?"

"ரசம் ஊத்திக் குடிக்கிறது. நீங்க கிண்ணம் ஜெயிச்ச வாரம்னு எழுதியிருந்தீங்க. ஏதோ பழைய தமிழ்னு நெனச்சேன். அடுத்த வரியில கோப்பைன்னு சரியா எழுதிட்டீங்களேன்னு, அத வெச்சு இதையும் சரி பண்ணிட்டேன்."

பாலேந்திரன் ஜன்னலுக்கும் கதவுக்கும் இடையில் நடந்தார். அலுவலகம் சின்னது, மூன்று எட்டில் முடிந்துவிட்டது.

"உங்கடை ஊரிலை கிண்ணத்திலை ரசம் குடிச்சுப்போட்டு, கோப்பையைப் போய் வெல்லுவியள்."

"ஆமாங்க. உங்க ஊர்ல?"

"நாங்கள் கிண்ணத்தை வெண்டு, கோப்பையிலை சோறு தின்னுவம்."

மேரிறோஸுக்குப் புரிந்தது. மெதுவாக உட்கார்ந்தாள். மேசையில் இருந்த முத்திரையை எடுத்து, எதற்கென்று தெரியாமல், மறுபடி அதே இடத்தில் வைத்தாள்.

"நான் கோர்ட்ல கை தூக்கிச் சத்தியம் பண்ணியிருக்கேன் ஐயா. தப்பு என்னோடதுன்னு ஒரு லெத்ர் எழுதித் தந்துடறேன். முத்திரைய வாங்கிக்கிட்டா வாங்கிக்கட்டும். ஆனா ஒண்ணு. உங்க தொசியே திரும்ப முதல்லேர்ந்து போகும். ஒரு ரெண்டு வருஷம்."

அவர் நடப்பதை நிறுத்தினார். அது அவர் வாழ்க்கையில் அபூர்வம். ஆவணிக்கு இன்னும் பத்து மாதம். இரண்டு வருடம் என்றால், சாம்பவியின் தாலியை அவர் கைத்தொலைபேசியில்தான் பார்க்க வேண்டும். அதிலும் நடுவில் இணைப்பு அறுந்துபோகும்.

"வேண்டாம் பிள்ளை," என்றார். "கழுவினது கழுவினதுதான். என்னத்தைக் கழுவினால் என்ன."

நேர்முகத்துக்குப் பன்னிரண்டு நாள் இருந்தது. பாலேந்திரன் மறுபடி சலூன் கதிரையில் போய் உட்கார்ந்து, வலப்பக்கத்தையும் வெட்டக் கொடுத்துவிட்டு, "சொல்லு, அது என்ன சாமான்?" என்றார்.

துஷ்யந்தன் சொன்னான். ஐரோப்பாவில் ஒவ்வொரு நாட்டிலும் லீக் என்று ஒன்று நடக்கும், அது தவிர தோற்றவன் வெளியே போகிற கிண்ணப் போட்டி ஒன்றும் நடக்கும். அப்படிக் கிண்ணம் வென்றவர்களை எல்லாம் கூட்டி, அவர்களுக்குள் மோதவிட்டு, கடைசியில் நிற்கிறவனுக்குக் கொடுக்கிற கிண்ணம் அது. பிரெஞ்சில் கூப் தே கூப். 1960இல் தொடங்கி 1999இல் முடிந்தது. பிரான்சிலிருந்து அதை வென்ற ஒரே கழகம் பாரிஸ். "இப்ப பெரிய கிண்ணமே வீட்டை வந்திட்டுது அண்ணை. ஆனா முதல் வந்தது இதுதான்."

"முடிஞ்சு போச்சோ? அப்ப இப்ப இல்லையோ?"

"இல்லை. லீக் ஆக்களின்ரை போட்டி பெருத்துப் போச்சு. இதை மூடிப்போட்டாங்கள்."

"இல்லாத ஒண்டை நான் ஏன் பாடமாக்கோணும்?"

"லூயி ராசாமாரைப் பாடமாக்கினனீங்கள்தானே. அவையும் இப்ப இல்லை."

இருந்து படிக்கிற ஆள் இல்லையே பாலேந்திரன். ஆகவே நடந்து படித்தார். ரூ பெர்தொனேயின் மூலையிலிருந்து தொடங்கி, ஒவ்வொரு கடைக்கும் ஒரு வருடத்தைக் கொடுத்தார். முதலாவது நகைக்கடை, 1961: பத்துக் கழகங்கள் மட்டும் ஆடியது, ஃபியோரென்தினா வென்றது. அடுத்தது தையல்கடை, 1962: அத்லெத்திகோ மத்ரித்தும் ஃபியோரென்தினாவும் வைகாசியில், யாழ்ப்பாணக் கணக்கில் மே மாதத்தில், சமநிலையில் முடித்து, மறு ஆட்டத்தைச் செப்டெம்பரான புரட்டாதியில் வேறொரு நாட்டில் போய் ஆடினார்கள், அந்தத் தையல்காரரிடம் சட்டை கொடுத்தாலும் அதே நான்கு மாதம் என்பதால் இது மறக்கவில்லை. மீன்கடையில் லிஸ்பன் ஸ்போர்ட்டிங், சைப்ரஸ் கழகம் ஒன்றைப் பதினாறுக்கு ஒன்று என்று அடித்தது. பலகாரக்கடை ரியல் மத்ரித்தின் இரண்டாம் அணிக்கு. தகப்பனும் மகனும் போல முதலாம் அணியும் இரண்டாம் அணியும் ஸ்பெயின் நாட்டுக் கிண்ணத்தின் இறுதியாட்டத்தில் மோதி, மகன் ஆறுக்கு ஒன்று என்று தோற்றான். தகப்பன் லீக்கையும் வென்றிருந்ததால், தோற்ற மகன்தான் அடுத்த வருடம் கிண்ணங்களின் கிண்ணத்தில் ஆடப் போனான்.

"தோத்தவன் எப்பிடியடா வெண்டவனின்ரை போட்டிக்குப் போனான்?" என்று இதில் மட்டும் பாலேந்திரன் அரை நாள் மாட்டிக்கொண்டார்.

"சட்டம் அண்ணை. தொசியே சரியாய் இருந்தா விடுவாங்கள்."

இது அவருக்கு மிகவும் பிடித்துக்கொண்டது.

வெற்றிலைக்கடை, 1981: திபிலிசியும் யேனாவும். இரண்டும் அன்றைய கம்யூனிச நாட்டுக் கழகங்கள், ஆட்டம் மேற்கு ஜெர்மனியில். பார்க்க ஐயாயிரம் பேர்கூட வரவில்லை. லா சப்பல் தேருக்கு வருகிறவர்களில் தண்ணீர்ப் பந்தலில் நிற்கிறவர்களே அதைவிடக் கூட. பயணச்சீட்டுக் கடை, 1995: இறுதியாட்டம் இதே பாரிசில், மேலதிக நேரத்தின் கடைசி நிமிடத்தில் சரகோசாக்காரன் ஒருவன் நாற்பது மீற்றர் தள்ளி நின்று உயர்த்தி அடித்து ஆர்சனலின் கதையை முடித்தான். அதற்கடுத்த கடை சலூன். 1996, வைகாசி எட்டு, பிரசெல்ஸ், வியன்னா ரபீட்டுக்கு எதிராக ஒன்றுக்குப் பூச்சியம்.

ஒரு விடயம் எல்லாக் கடைக்கும் பொதுவாக இருந்தது. முப்பத்தொன்பது வருடத்தில் வென்றவன் எவனும் அதை அடுத்த வருடம் திருப்பி வென்றதில்லை. எட்டு முறை, வைத்திருந்தவனே மறுபடி இறுதியாட்டம்வரை வந்து தோற்றான். பாரிஸும் அப்படித்தான், 1997இல், பார்சலோனாவிடம். இதைக் கேட்ட நாளிலிருந்து பாலேந்திரனுக்குத் தூக்கம் கெட்டது. சாம்பவி இரண்டு முறை தள்ளிப்போட்டதற்கும் இதற்கும் என்ன தொடர்பு என்று கேட்டால் சொல்லத் தெரியாது. ஆனால் கெட்டது.

"பதினாறுக்கு ஒண்டு, பதினாறுக்கு ஒண்டு எண்டு நித்திரையிலை புலம்புறியள்," என்றாள் கமலராணி, காலையில் தேநீரை வைத்தபடி. "ஆருக்கப்பா பதினாறு?"

"சைப்ரஸ்காரனுக்கு."

"ஆருக்கெண்டாலும் இருந்து குடியுங்கோ. கோப்பையைக் கழுவினன் எண்டு சொல்ல என்ன வெக்கம்? உண்மையைச் சொல்லுங்கோவன்."

"சொன்னா ரெண்டு வருசம்."

கமலராணி அலுமாரியைத் திரும்பிப் பார்த்தாள். மகளுக்கு எடுத்த கூறைச் சேலையை அவளும் இரண்டு வருடமாக அலுமாரியிலிருந்து எடுத்து மடிப்பு மாற்றி மாற்றி வைத்துக்கொண்டிருந்தாள்.

நேர்முக நாளில் காத்திருக்கும் கூடத்தில் காவலாளி அவரை மூன்று முறை உட்காரச் சொன்னார். நான்காவது முறை பெயரைக் கூப்பிட்டார்கள்.

உள்ளே இருந்தவருக்குப் பெயர் அலெக்சாந்த்ர். முப்பத்தெட்டு வயதிருக்கும். மெலிந்த கழுத்து, கழுத்தைவிட மெலிந்த டை. குடியரசின் மூன்று சொற்கள் எவை, புரட்சி எந்த வருடம், கொடியின் நிறம் என்ன என்று கேட்டார். மூன்றுக்கும் பாலேந்திரன் சரியாகச் சொன்னார். எல்லாவற்றையும் குறித்துவிட்டு, அலெக்சாந்த்ர் பேனாவை மூடினார்.

"சரி. இனி கூப்."

மேசைக்கடியில் பாலேந்திரனின் தொடை ஆடத் தொடங்கியது.

"அப்போது எனக்கு ஒன்பது வயது," என்றார் அலெக்சாந்த்ர். "அன்றைக்கு எனக்குக் காய்ச்சல். அப்பா தொலைக்காட்சியை அணைத்துவிட்டார். கோல் அடித்ததைப் பக்கத்து வீட்டுச் சத்தத்தில்தான் தெரிந்துகொண்டேன். அந்தக் கிண்ணத்தைத் தொட்ட ஒரு மனிதரை இதுவரை நான் சந்தித்ததில்லை, முசியே."

சந்தேகப்படுகிற அதிகாரி என்றால் பாலேந்திரன் சமாளித்திருப்பார். நம்புகிற அதிகாரியை என்ன செய்வது? வாயாலேயே தெருவை நடக்கத் தொடங்கினார்.

"அறுபத்தொன்று. நகைக்கடை. ஃபியோரென்தினா."

"நகைக்கடையா?"

"முதலாவது கிண்ணம், முசியே. தங்கம் மாதிரி. அறுபத்திரண்டு, தையல்கடை. வைகாசியில் வெட்டி, புரட்டாதியில் தைத்தது."

அலெக்சாந்த்ர் யோசித்தார். பிறகு சிரித்தார். "உண்மைதான். நான்கு மாதம்."

மீன்கடை, பலகாரக்கடை, வெற்றிலைக்கடை என்று பாலேந்திரன் நிற்காமல் போய்க்கொண்டே இருந்தார். பயணச்சீட்டுக் கடையில் மூச்சு வாங்க நின்றபோது அலெக்சாந்த்ர் முன்னால் சாய்ந்தார்.

"ஒன்று சொல்லுங்கள். அதற்கு எத்தனை கைபிடி?"

துஷ்யந்தன் இதைச் சொல்லித்தரவில்லை.

"கழுவுகிறவன் கைபிடியைப் பார்ப்பதில்லை, முசியே," என்றார் பாலேந்திரன். "அழுக்கைப் பார்ப்பான்."

"என்ன அழுக்கு?"

இதற்கு அவர் எங்கேயும் போய்ப் படிக்கத் தேவையில்லை. அந்தப் பிரசெரியில் ஷாம்பெய்ன் ஊற்றிக் கொடுக்கிற அகலவாய்க் கண்ணாடிக்கும் பிரெஞ்சில் கூப் என்றுதான் பெயர். ஐஸ்கிறீம் வைக்கிற காலுள்ள கண்ணாடிக்கும் அதே பெயர். இயந்திரத்தில் வைத்தால் உடையும் என்று அவற்றையெல்லாம் அவர் கையில்தான் கொடுத்தார்கள்.

"விளிம்பில் உதட்டுச் சாயம். அது சவர்க்காரத்துக்குப் போகாது. பெருவிரலில் கொஞ்சம் உப்பு வைத்துத் தேய்க்க வேண்டும். தண்ணீர் கை பொறுக்கிற சூடு, அதற்கு மேலே போனால் மங்கிவிடும். கடைசித் தண்ணீரில் வினாகிரி ஒரு மூடி. துடைக்கிற துணி பழையதாக இருக்க வேண்டும், புதுத் துணி பஞ்சு விடும். பிறகு வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடிப்பேன். என்னுடைய முகம் தலைகீழாகத் தெரிந்தால், கழுவி முடிந்தது."

அலெக்சாந்த்ர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், புதுத் துணியால்தான். பிறகு ஒரு தாளை எடுத்து நான்கு வரி தட்டச்சு செய்து, அச்செடுத்து, பாலேந்திரனின் முன்னால் வைத்தார்.

"அந்த இரண்டு வருடத்துக்கு உங்களிடம் வேறு சான்று இல்லை. இதில் ஒப்பமிட்டால் போதும்."

பாலேந்திரன் வாசித்தார். 1996 மே மாதத்தில் கூப் தே கூப் கிண்ணத்தை என் கையால் கழுவினேன் என்று என் கௌரவத்தின் பேரில் உறுதி கூறுகிறேன். கீழே சின்ன எழுத்தில், பொய்யுறுதி கூறுகிறவர்களுக்கு என்ன நடக்கும் என்பது இருந்தது. கொடுத்த குடியுரிமையைத் திருப்பி எடுப்பது அதில் முதலாவது.

பேனாவை எடுத்தார். வைத்தார். எடுத்தார். ஒப்பமிட்டால் கௌரவம் பொய். ஒப்பமிடாவிட்டால் இவ்வளவு நேரமும் நடந்து வந்த தெரு முழுக்கப் பொய்யாகிவிடும், ஆவணியும் போய்விடும். எழுந்து நின்றார். அலெக்சாந்த்ர் நிமிர்ந்து பார்த்தார்.

"முசியே, கௌரவம் என்றால் நான் என் மொழியில்தான் எழுதுவேன். கடன் வாங்கின மொழியில் கௌரவம் சரியாக நிற்காது."

அலெக்சாந்த்ர் விதிமுறைப் புத்தகத்தைப் புரட்டினார். அப்படி எழுதக் கூடாது என்று அதில் எங்கேயும் இல்லை. சத்தியம் செய்த மொழிபெயர்ப்பாளரின் பிரெஞ்சு இணைக்கப்பட வேண்டும், அவ்வளவுதான். வெற்றுத் தாளைத் தந்தார். பாலேந்திரன் நின்றபடியே எழுதினார். 1996ஆம் ஆண்டு வைகாசி மாதத்தில் பாரிசில் என் கையால் கோப்பை கழுவினேன், இது சத்தியம்.

அந்த வருடத்தில் அவர் எழுதியவற்றில் இதைவிடத் திருத்தமான வசனம் கிடையாது. தொடை ஆட்டம் நின்றிருந்ததை அவர் வெளியே வந்த பிறகுதான் கவனித்தார். மெத்ரோப் படியில் இறங்கும்போது அது மறுபடி தொடங்கிவிட்டது. ஏனென்றால் இனி மேரிறோஸ் இருக்கிறாள்.

அவள் தாளை வாங்கி வாசித்தாள். இரண்டாம் முறையும் வாசித்தாள்.

"போன தடவை தெரியாம செஞ்சேன் ஐயா. இப்போ எனக்குத் தெரியும். தெரிஞ்சுக்கிட்டு எப்படி எழுதறது?"

"உங்கடை ஊரிலை இந்த வசனத்துக்கு என்ன அர்த்தம்?"

"கூப் கழுவினேன்னுதான்."

"எங்கடை ஊரிலை வேறை. பிள்ளை எந்த ஊர்த் தமிழுக்குச் சத்தியம் பண்ணினது?"

மேரிறோஸ் சுவரைப் பார்த்தாள். நீதிமன்றம் கொடுத்த சான்றிதழ் அங்கே சட்டம் போட்டுத் தொங்கியது. மொழி என்ற இடத்தில் தமிழ் என்று மட்டும் இருந்தது. பாண்டிச்சேரி என்றும் இல்லை, யாழ்ப்பாணம் என்றும் இல்லை. அவள் அகராதியையும் எடுத்துப் பார்த்தாள். கோப்பை: கூப். அகராதி அவள் பக்கம்தான் நின்றது. ஆனால் அவள் முகம் அகராதியின் பக்கம் நிற்கவில்லை.

"கூப் பெரிய எழுத்துல ஆரம்பிச்சா உங்க கிண்ணம். சின்ன எழுத்துல ஆரம்பிச்சா கண்ணாடி. நான் எதைப் போட்டாலும் ஒருத்தருக்குப் பொய் சொன்ன மாதிரி."

பாலேந்திரன் ஜன்னலுக்குப் போய், கதவுக்கு வந்து, மறுபடி ஜன்னலுக்குப் போனார். ஏழாவது சுற்றில் மேரிறோஸ் கணினியை இழுத்து வைத்தாள். விசைப்பலகையின் ஓரத்தில் ஒரு விசையை அழுத்தினாள். தலைப்பிலிருந்து கடைசிப் புள்ளிவரை, ஒரு எழுத்தும் மிச்சமில்லாமல், முழுவதையும் பெரிய எழுத்தில் அடித்தாள். அதில் எது மரியாதைக்குப் பெரிதானது, எது தானாகப் பெரிதானது என்று எந்த நீதிபதியாலும் பிரித்துச் சொல்ல முடியாது. சிலுவைக்குறி போட்டுக்கொண்டு முத்திரையைக் குத்தினாள்.

"போய்ட்டு வாங்க ஐயா," என்றாள். "அடுத்த வாட்டி தட்டுன்னு எழுதுங்க."

"தட்டெண்டா எங்கடை ஊரிலை கதவைத் தட்டுறது பிள்ளை."

பங்குனியில் கடிதம் வந்தது. அது பாலேந்திரன் பிரெஞ்சுக் குடிமகனானதை அறிவித்தது. உள்ளே அலெக்சாந்த்ரின் வாழ்த்தும் இருந்தது, நீல மையில். ஆவணியில் கனடாவுக்குப் போகிற எட்டு மணி நேரமும் அவர் விமானத்தின் நடைபாதையில் நடந்துகொண்டே போனார். மண்டபத்தில் தாலி ஏறுகிற நேரத்திலும் உட்காரவில்லை. நாதஸ்வரக்காரருக்குப் பின்னால் நின்று அழுதார். மாப்பிள்ளையின் தாய்மாமன் வந்து கையைப் பிடித்து, கிண்ணங்களின் கிண்ணத்தைக் கழுவியது நீங்கள்தானாமே என்று கேட்டார். ஓம் என்றும் சொல்லாமல் இல்லை என்றும் சொல்லாமல், பாலேந்திரன் அவருக்கு உதட்டுச் சாயம் போக்குகிற முறையை விளக்கினார்.

கற்பூரம் கொளுத்தாததற்குப் புகைக்கருவி மட்டும் காரணமில்லை: பாலேந்திரன் 2003ஆம் ஆண்டிலிருந்தே பிரெஞ்சுக் குடிமகன்.